தரையோடு ஒரு பிளாட்பாரம்

எங்கள் ஊர் ஸ்டேஷனில் பிளாட்பாரமே இல்லை என்று பல வருஷம் சொல்லிக்கொண்டிருந்தேன். அது தப்பு. பிளாட்பாரம் இருந்தது. தரையோடு தரையாக இருந்தது, அவ்வளவுதான். ஓரத்தில் ஒரு வரிசை கருங்கல், உள்ளே மண், மேலே கொஞ்சம் ஜல்லிப் பொடி. மழை பெய்துவிட்டால் வயல் எங்கே முடிகிறது, பிளாட்பாரம் எங்கே ஆரம்பிக்கிறது என்று வெளியூர்க்காரருக்குத் தெரியாது.

கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் நடுவில், எக்ஸ்பிரஸ் வண்டிகள் வேகம் குறைக்காமல் போகிற ஹால்ட் அது. டிக்கெட் கொடுக்க ஒரு அறை, ஒரு சிமெண்ட் பெஞ்சு, ஒரு புங்கமரம், மஞ்சள் போர்டு. கிழக்கே சவுக்குத் தோப்பு, அதைத் தாண்டினால் இறால் குட்டைகள், அப்புறம் கடல். ஸ்டேஷன் மாஸ்டர் கிடையாது. பாசஞ்சர் வந்து நிற்கும், கார்டு கடைசிப் பெட்டியிலிருந்து எட்டிப் பார்ப்பார், பச்சைக் கொடி காட்டுவார், வண்டி போய்விடும்.

நான் சின்னப் பெண்ணாக இருந்தபோது அது மீட்டர் கேஜ். ஊரில் சின்ன லைன் என்பார்கள். பெட்டி சின்னது, படியும் தாழ்வு. கைக்குழந்தையோடு வருகிறவர்கள்கூட ஒரு கையால் பிடித்து ஏறிவிடுவார்கள். பிறகு பெரிய லைன் போட்டார்கள். அடியில் ஜல்லி கொட்டித் தண்டவாளத்தை உயர்த்தினார்கள், அதன் மேல் வந்த பெட்டியும் பெரிய பெட்டி. பிளாட்பாரத்தை மட்டும் யாரும் தொடவில்லை. பெண்கள் புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, கம்பியைப் பிடித்து ஒரு எம்பு எம்பி ஏறப் பழகிக்கொண்டார்கள். நான் காலேஜுக்குப் போனதும் அப்படித்தான். இரண்டு காலும் இருந்தவரை அது ஒரு கஷ்டம் என்று எனக்குத் தோன்றியதே இல்லை.

கெமிஸ்ட்ரி முடித்துவிட்டு சிப்காட்டில் ஒரு கம்பெனி லேபில் வேலை பார்த்தேன். ஸ்கூட்டியில் போய் வருவேன். ஒரு நாள் சாயங்காலம் திரும்பி வரும்போது, மெயின் ரோட்டில், பின்னால் வந்த லாரி இடித்துவிட்டது. ஆஸ்பத்திரியில் கண் விழித்தபோது அம்மா போர்வையை இழுத்து இழுத்து என் காலை மூடிக்கொண்டே இருந்தார். எதற்காக அப்படி மூடுகிறார் என்று எனக்குப் புரிய ஒரு நாள் ஆனது. வலது கால் முட்டிக்குக் கீழே இல்லை.

அதற்கப்புறம் வீட்டில் இருந்த காலத்தைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றும் இல்லை. புண் ஆறியது. செயற்கைக் கால் வந்தது. முதலில் வாசல்வரை, அப்புறம் தெருக்கோடிவரை நடந்தேன். நடக்கிறேன் என்று தெரிந்ததும் சிதம்பரத்திலிருந்து ஒரு போன் வந்தது. காலேஜில் எனக்கு சீனியராக இருந்த ஒரு மேடம் அங்கே சின்னதாக லேப் வைத்திருந்தார். இறால் குட்டைத் தண்ணீரைக் கொண்டுவந்து கொடுப்பார்கள். உப்பு எவ்வளவு, அமோனியா எவ்வளவு, ஆக்சிஜன் எவ்வளவு என்று பார்த்துச் சொல்ல வேண்டும்.

"உக்காந்து பாக்குற வேலைதான். வர்றியா?" என்றார்.

"வர்றேன்" என்றேன். எப்படி வருவேன் என்று யோசிக்கவே இல்லை.

அம்மாதான் யோசித்தார். "எப்படிம்மா போவ? பஸ்ஸுக்கு மெயின் ரோடு போவணும். அந்தக் கூட்டத்துல உன்ன ஏற வுடுவானுங்களா?"

அண்ணன் கடலூர்ப் பக்கம் வேலைக்குப் போகிறவன். நான் போக வேண்டியது எதிர்த் திசை. வீட்டிலிருந்து நடக்கிற தூரத்தில் இருந்தது ஸ்டேஷன் ஒன்றுதான்.

"ரயில்ல போறேன்" என்றேன்.

முதல் நாள் காலை நல்ல சுடிதார் போட்டுக்கொண்டு, தோளில் பையோடு, சீக்கிரமே போய் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். டிக்கெட் கொடுக்கிறவர் பக்கத்து ஊர் பாய். சவூதியில் ரொம்ப நாள் இருந்துவிட்டு வந்து, ரயில்வேயிடம் அந்த ஒப்பந்தத்தை எடுத்திருந்தார். என்னைப் பார்த்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டார்.

"தனியாவா போற?"

"ஆமா பாய்."

"படி ஜாஸ்தி ஒசரம்மா."

"தெரியும் பாய். நான் போய்க்கிட்டிருந்த வண்டிதான."

வண்டி வந்தது. படிக்கு நேராகப் போய் நின்றபோதுதான் புரிந்தது. ஏறும்போது நல்ல காலை முதலில் வை என்று பயிற்சி கொடுத்தவர்கள் சொல்லியிருந்தார்கள். வைத்தேன். இடது கால் படியில் இருக்கிறது, வலது கால் ஜல்லியில் இருக்கிறது. இனி வலது காலை ஊன்றி எம்ப வேண்டும். அந்தக் காலுக்கு எம்பத் தெரியாது. கம்பியைப் பிடித்து இழுத்துப் பார்த்தேன். உடம்பு பாதி தூரம் போய் நின்றுவிட்டது.

"ஏ பாப்பா, நவுரு" என்று பின்னால் ஒரு குரல். மீன் கூடையைப் பெட்டிக்குள் தள்ளிவிட்டு, ஒரு அக்கா என் இடுப்பைச் சுற்றிக் கையைப் போட்டார். உள்ளே இருந்து யாரோ என் இரண்டு கையையும் பிடித்தார்கள். அடுத்த நிமிஷம் நான் பெட்டிக்குள், கூடைக்குப் பக்கத்தில், தரையில் கிடந்தேன். சுடிதார் டாப்ஸ் மேலே ஏறிவிட்டது. செயற்கைக் கால் கொஞ்சம் திரும்பிக்கொண்டது. பெட்டியில் இருந்த எல்லோரும் பார்த்தார்கள்.

யார் மேலும் தப்பு சொல்ல முடியாது. அத்தனை பேரும் உதவிதான் செய்தார்கள். ஒருவர் எழுந்து இடம் கொடுத்தார். ஒருவர் தண்ணீர் பாட்டில் நீட்டினார். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். இன்னொரு தடவை என்னை யாரும் தூக்கக் கூடாது என்று முடிவு பண்ணினேன். சிதம்பரம் வரும்வரை மனசில் வேறு எதுவும் ஓடவில்லை.

ஆனாலும் தினம் தூக்கினார்கள். வேறு வழி இல்லை. மீன்கார அக்கா என்னை எதிர்பார்த்து நிற்க ஆரம்பித்துவிட்டார். எங்கள் ஊருக்குக் கிழக்கே கடலோரக் குப்பத்துக்காரர். விடிகாலையில் மீன் எடுத்து சிதம்பரம் மார்க்கெட்டுக்குக் கொண்டுபோகிறவர். "எவ்ளோ கூடை தூக்கறேன், உன்ன தூக்க மாட்டனா" என்பார். அன்பாகத்தான் சொன்னார். எனக்கு அது உள்ளே போய்க் குத்தும்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் பயிற்சி. பக்கத்து வீட்டு மாமாவின் டிராக்டர் ட்ரெய்லர் தெருவில் நிற்கும். அதன் பின்பக்கம் கிட்டத்தட்ட ரயில் படி உயரம். இரண்டு பக்கமும் பிடித்துக்கொண்டு ஏறுவேன், விழுவேன், ஏறுவேன். மாமா முதலில் சத்தம் போட்டார். அப்புறம் பிடித்துக்கொள்ள இரண்டு இரும்புக் கம்பியை அவரே வெல்டு வைத்துக் கொடுத்தார். கைக்குப் பலம் வந்தது. ட்ரெய்லரில் ஏற முடிந்தது.

அந்தத் தைரியத்தில் ஒரு நாள் காலை, "அக்கா, இன்னிக்கி நீ தொடாத" என்று சொல்லிவிட்டேன். அக்கா கையைக் கட்டிக்கொண்டு நின்றார். ட்ரெய்லர் சமதரையில் நிற்கிறது. ரயில் ஜல்லிச் சரிவில் நிற்கிறது. இதை நான் யோசிக்கவில்லை. உடம்பைத் தூக்கும்போது வலது காலுக்கு அடியில் ஜல்லி நகர்ந்தது. கம்பியிலிருந்து கை விட்டுப்போய் பின்னால் விழுந்தேன். அக்கா என்னை இழுத்து ஓரமாகப் போட்டார். கார்டு விசில் அடித்து வண்டியைப் பிடித்து வைத்தார். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, வேறு வழியில்லாமல் அனுப்பிவிட்டார். முன்பே பெட்டியில் ஏற்றிவைத்திருந்த அக்காவின் மீன் வண்டியோடு போய்விட்டது. அவர் என்னோடு இருந்துவிட்டார்.

வலது காலில் மிச்சமிருந்த பகுதியில் தோல் கிழிந்துவிட்டது. புண் ஆறும்வரை செயற்கைக் கால் போடக் கூடாது என்றார் டாக்டர். மறுபடி கட்டில். மறுபடி அதே கூரை.

"போதும்மா. வேல வேணாம்" என்றார் அம்மா. அழவில்லை, கோபமாகத்தான் சொன்னார். "கெடச்ச உசுர வச்சுக்கிட்டு வீட்டுல இரு."

"வீட்டுல இருந்து என்னா பண்ணட்டும்?"

"தையல் மிஷின் வாங்கித் தரேன்."

"எனக்குத் தைக்கப் பிடிக்காதும்மா. தண்ணி டெஸ்ட் பண்ணத்தான் பிடிக்கும்."

அம்மா எழுந்து போனார். நான் மேடத்துக்கு போன் பண்ணி, புண் ஆறியதும் வருவேன், வேறு ஆளைப் போட்டுவிடாதீர்கள் என்றேன். "உன் மேஜை அப்படியே இருக்கு" என்றார்.

அந்தக் கட்டிலில் படுத்திருந்தபோதுதான் காலேஜில் மலைக்கு டூர் போனது ஞாபகம் வந்தது. மலை ரயில். எங்கள் பழைய சின்ன லைனைவிடச் சின்னப் பெட்டிகள். நடுவில் ஒரு குட்டி ஸ்டேஷனில் நின்றது. பனி, ஈரமான ஓடு, இஞ்சி டீ. நாங்கள் எல்லோரும் போட்டோ எடுக்க இறங்கி ஓடினோம். பக்கத்துப் பெட்டியில் வயசான ஒரு அம்மாவும் அவர் வீட்டுக்காரரும் இறங்க வேண்டியிருந்தது. ஸ்டேஷன் ஆள் ஒருவர் உள்ளே போய் ஒரு மரப்படியை எடுத்துவந்து பெட்டிக்குக் கீழே வைத்தார். அவர்கள் மெதுவாக இறங்கினார்கள். அவர் படியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விட்டார். யாரும் யாரையும் தூக்கவில்லை. யாரும் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அன்றைக்கு நானும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. கட்டிலில் கிடந்தபோது அந்த மரப்படியின் அகலம், உயரம், அதில் அடித்திருந்த சாக்குத் துண்டு எல்லாம் அப்படியே கண்ணுக்கு முன்னால் வந்தது.

அண்ணனைக் கூப்பிட்டேன். "ஒரு படி செய்யணும்ணா. ரெண்டு தட்டு. ஆடக் கூடாது."

அண்ணன் ஆசாரியிடம் சொல்லி வேப்பம் பலகையில் செய்துகொண்டு வந்தான். நல்ல கனம். புண் ஆறியதும் அதை எடுத்துக்கொண்டு பாயிடம் போனோம். பாய் அதைக் கையால் ஆட்டிப் பார்த்தார்.

"இத நான் ரூமுல வச்சுக்கலாம். வண்டி வந்தா எடுத்துப் போடலாம். ஆனா மேல இருந்து ஆளு வந்து கேட்டா?"

"கேக்கும்போது பாத்துக்கலாம் பாய்."

"எனக்கு இந்த ஒப்பந்தம் போயிடக் கூடாதும்மா."

"போச்சுன்னா நான் வந்து பேசறேன்."

நான் பேசி என்ன ஆகப்போகிறது என்று அவருக்கும் தெரியும். இருந்தாலும் வாங்கி உள்ளே வைத்துக்கொண்டார்.

மறுநாள் ஏறினேன். இடது கால் முதல் தட்டு, வலது காலும் அதே தட்டு. மறுபடி இடது, மறுபடி வலது. அப்புறம் ரயில் படி. வாசல் கம்பி கைக்கு எட்டியது. உள்ளே போய் நின்றேன். நின்றேன் என்பதுதான் விஷயம். சுடிதார் கசங்கவில்லை. எனக்குப் பின்னால் மீன்கார அக்கா ஏறினார். அவருக்குப் பின்னால், கம்பியில் தொங்கி ஏற முடியாமல் தினம் திணறுகிற பெரியவர் ஒருவர் ஏறினார். கொஞ்ச நாளில், செக்கப்புக்குப் போகிற கர்ப்பிணிப் பெண்கள் என்னைத் தேடி, நான் ஏறுகிற கடைசிப் பெட்டிக்கு வர ஆரம்பித்தார்கள்.

பிறகு லைனைப் பார்க்க வரும் இன்ஜினியர் ஒருவர் வந்தார். பாய் படியை எடுத்துப் போடுவதைப் பார்த்துவிட்டார். நல்ல மனுஷர்தான், குரலை உயர்த்தவில்லை. ஆனால் நிறுத்தச் சொல்லிவிட்டார்.

"லைன் பக்கத்துல எதையும் வைக்கக் கூடாது. மறந்து வச்சுட்டீங்க, எக்ஸ்பிரஸ் இடிச்சுது, யாரு பொறுப்பு?" என்று பாயிடம் கேட்டார்.

பாய் படியை லைனிலிருந்து தள்ளி வைத்தார். நான் பெஞ்சிலிருந்து எழுந்து போனேன்.

"சார், அது என்னுது."

அவர் என் காலைப் பார்த்தார், அப்புறம் முகத்தைப் பார்த்தார். "உங்க கஷ்டம் புரியுதும்மா. பிளாட்பாரம் ஒசத்தணும்னு எழுதியிருக்கோம். வரும். அதுவரைக்கும் இது இங்க இருக்கக் கூடாது."

"இங்க இருக்காது சார். நான் ஏறினதும் என்கூடவே வண்டியில எடுத்துட்டுப் போயிட்டா?"

அவர் படியைத் திரும்பிப் பார்த்தார். "கையில எடுத்துட்டுப் போற சாமானப் பத்தி நான் ஒண்ணும் சொல்ல முடியாது. ஆனா யாரையாவது கீழ நிக்க வச்சு எடுத்துக் குடுக்கச் சொல்லாதீங்க. வண்டி நவுந்தா ஆபத்து."

அன்றைக்கே வீட்டில் வேலை ஆரம்பித்துவிட்டது. மரப்படி கனம், என்னால் தூக்க முடியாது. கிரில் பட்டறையில் அலுமினியப் பைப்பில் அதே அளவுக்கு ஒன்று செய்யச் சொன்னேன். மேல் தட்டின் நடுவில் ஒரு வளையம், வளையத்தில் படகுக்குக் கட்டுகிற நைலான் கயிறு. கயிறு மீன்கார அக்கா கொடுத்தது. நான் மேலே ஏறியதும், ஒரு கையால் வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் கயிற்றை இழுத்துப் படியை மேலே தூக்க வேண்டும். ட்ரெய்லரில் பழகினேன். முதலில் படி ஆடி ஆடி முட்டியில் இடித்தது. நேராக இழுக்காமல் கொஞ்சம் வெளியே தள்ளி இழுத்தால் இடிக்காது என்று போகப் போகத் தெரிந்தது.

ஸ்டேஷனில் முதல் நாள் கார்டு இறங்கி வந்துவிட்டார். "என்னம்மா இது சர்க்கஸ்?"

சொன்னேன். இன்ஜினியர் சொன்னதையும் சொன்னேன். கயிற்றின் நுனியை மணிக்கட்டில் சுற்றியிருந்தேன். அதைத்தான் அவர் முதலில் பார்த்தார்.

"அத அவுரு. வண்டி நவுந்து இது எங்கயாவது மாட்டுச்சுன்னா உன்னையும் இழுத்துடும். சும்மா புடிச்சுக்க. சரியில்லன்னு தோணுச்சா, வுட்டுடு. படி போனா வேற செஞ்சுக்கலாம்."

அவிழ்த்தேன். ஏறினேன். திரும்பி நின்று, கம்பியைப் பிடித்துக்கொண்டு, கயிற்றை இழுத்தேன். பாதியில் படி வாசல் படியில் தட்டி நின்றது. பெட்டியில் இருந்த ஒருவர் குனிய வந்தார். "வேணாண்ணா, நானே எடுக்கறேன்" என்றேன். கொஞ்சம் கீழே விட்டு, வெளியே தள்ளி, மறுபடி இழுத்தேன். வந்துவிட்டது. உள்ளே இழுத்துக் கதவோரம் சாத்தி வைத்தேன். கார்டு அவர் வாசலில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். நான் அவரைப் பார்த்துத் தலையாட்டிய பிறகுதான் கொடி காட்டினார்.

இறங்குவதுதான் இன்னும் சிரமம். சிதம்பரத்தில் உயரமான பிளாட்பாரம், கவலை இல்லை. சாயங்காலம் எங்கள் ஹால்ட்டில் கயிற்றைப் பிடித்துப் படியைக் கீழே விட வேண்டும். நாலு காலும் ஜல்லியில் சரியாக உட்கார வேண்டும். உட்காரவில்லை என்றால் தூக்கி மறுபடி விட வேண்டும். இறங்கும்போது செயற்கைக் காலைத்தான் முதலில் வைக்க வேண்டும். மழைக் காலத்தில் கயிறு வழுக்கும். ஒரு முறை படி சாய்ந்து, குட்டையாகத் தேங்கியிருந்த தண்ணீரில் விழுந்தது. அன்றைக்கு உட்கார்ந்து, நகர்ந்து, வாசல் படியிலிருந்து தரைக்குச் சறுக்கி இறங்கினேன். சுடிதார் முழுக்கச் சேறு. ஆனால் யாரும் தூக்கவில்லை.

பெட்டியில் முணுமுணுப்பும் இருந்தது. கதவோரம் இடம் அடைக்கிறது என்று ஒருவர் தினம் சொல்லுவார். ஒரு நாள் மீன்கார அக்கா அவர் பக்கம் திரும்பி, "உன் பையி அடைக்கலியா? அதுல அவ கால் இருக்கு, உன் பையில என்னா இருக்கு?" என்று கேட்டார். அவர் அதன் பிறகு வேறு பெட்டிக்குப் போய்விட்டார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. விபத்துக்குப் பிறகு ரயிலில் நான் சிரித்தது அன்றைக்குத்தான் என்று நினைக்கிறேன்.

அந்தப் படியோடு பல காலம் போய்வந்தேன். லேபில் வேலை கூடியது. மேடம் என்னையே பொறுப்பாக வைத்தார். அந்தச் சமயத்தில் எங்கள் ஹால்ட்டில் மண் அடிக்க லாரி வந்தது. பிளாட்பாரத்தை உயர்த்துகிறார்கள். "உன்னாலதாம்மா வந்துச்சு" என்றார் பாய். எனக்கு அப்படித் தோன்றவில்லை. இந்த லைனில் பல ஹால்ட்டுகளில் அதே வேலை நடந்தது. ஆனால் பாய் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் அப்படித்தான் சொன்னார், நானும் மறுக்கவில்லை. வேலை முடிந்த அன்று காலை, வீட்டிலிருந்து வெறும் பையோடு கிளம்பினேன். வண்டி வந்தது. ஒரு அடி எடுத்து வைத்தேன், பெட்டிக்குள் இருந்தேன். அவ்வளவு சுலபமாக இருந்தது. பின்னால் வந்த அக்கா கூடையை வைத்துவிட்டு, "இதுக்காடி இத்தன பாடு?" என்றார். "ஆமாக்கா" என்றேன்.

போன மாதம் பிச்சாவரம் பக்கம் ஒரு குட்டையில் இறால் சாகிறது என்று போன் வந்தது. கொண்டுவந்து கொடுத்த தண்ணீரில் எனக்குச் சந்தேகம். மேலாக மொண்ட தண்ணீர், அடித் தண்ணீர் இல்லை. குட்டைக்குப் போய் எடுக்க வேண்டும்.

"வேற ஆள அனுப்பறேன். கரையெல்லாம் சேறா இருக்கும்" என்றார் மேடம்.

"எங்க எடுக்கணும்னு எனக்குத்தான் தெரியும். நானே போறேன் மேடம்."

குட்டைக்காரர் பைக்கில் பின்னால் உட்கார்ந்து போனேன். கரை குறுகலாக, வழவழப்பாக இருந்தது. அவர் கை நீட்டினார். "ஒரு கம்பு இருந்தா குடுங்க, போதும்" என்றேன். சவுக்குக் கம்பு ஒன்று உடைத்துக் கொடுத்தார். சரிவில் அதை ஊன்றி, செயற்கைக் காலை முதலில் வைத்து, மதகு வரைக்கும் இறங்கினேன். அடித் தண்ணீர் கறுப்பாக, நாற்றத்தோடு வந்தது. நினைத்தது சரிதான், கெட்டுப்போனது அடியில்தான். பாட்டிலை நிரப்பி மூடினேன். எந்த மூலையில் எடுத்தது என்று அதன் மேல் எழுதிக்கொண்டேன். அவரிடம் கொடுத்துப் பிடித்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, கம்பை ஊன்றிக்கொண்டு கரையேற ஆரம்பித்தேன்.